ஒரு கையில் அம்மாவின் கை, இன்னொரு கையில் மவுஸ்

ஆலோசகருக்கு வணக்கம்.

எனக்கு 43 வயது. அம்மா இறந்து ஏழு மாதம் ஆகிறது. கடைசி இரண்டு வருடம் அவரை உடனிருந்து பார்த்துக்கொண்டது நான்தான். நுரையீரல் கோளாறு. ஆக்ஸிஜன் மெஷின் இரவும் பகலும் ஓடிக்கொண்டே இருக்கும்.

இப்போது எனக்கு நடப்பதை யாரிடம் சொல்வதென்று தெரியவில்லை. கணினியில் வேலை பார்த்துக்கொண்டிருப்பேன். திடீரென்று என் இடது உள்ளங்கைக்குள் அம்மாவின் கை வந்துவிடும். நினைவு வருகிறது என்று சொல்லவில்லை. அந்தச் சொரசொரப்பு, விரல் எலும்பு, சில்லென்ற நுனிகள் எல்லாம் அப்படியே தெரியும். வலது கையில் மவுஸும் இருக்கும். அம்மா இல்லை என்பதும் எனக்கு நன்றாகத் தெரியும்.

இரவு மூன்று மணிக்கு மெஷின் சத்தம் கேட்கும். ஓடிப்போய்ப் பார்த்தால் வெறும் கட்டில். வாடகைக்கு எடுத்த மெஷினைத் திருப்பிக் கொடுத்து ஆறு மாதம் ஆகிவிட்டது. அம்மா போனதும் அந்த நேரத்தில்தான். நான் அசந்து தூங்கிவிட்டேன்.

சில நாள் ஏதோ தீய்ந்த வாடை வரும். வயிற்றிலிருந்து ஒன்று கிளம்பி நெஞ்சுவரை ஏறும். இதெல்லாம் ஏற்கெனவே நடந்திருக்கிறதே என்று தோன்றும். அரை நிமிடத்தில் போய்விடும். ஒரு தடவை அப்படி இருந்தபோது மகள் கூப்பிட்டும் நான் பதிலே சொல்லவில்லையாம். எனக்கு நினைவில்லை.

கணவரிடம் கையைப் பற்றி மட்டும் சொன்னேன். "அதையே நினைத்துக்கொண்டிருக்காதே" என்றார். எனக்குப் பைத்தியம் பிடிக்கிறதா? மாத்திரை சாப்பிட்டால் அந்தக் கையும் வராமல் போய்விடுமா?

– ஒரு மகள்

அன்புள்ள சகோதரி,

தீய்ந்த வாடையிலிருந்து தொடங்குகிறேன். அதைத் தள்ளிப்போடக் கூடாது. மற்றவற்றோடு சேர்த்து அதையும் துக்கத்தின் கணக்கிலேயே எழுதியிருக்கிறீர்கள். எனக்கு அது வேறாகத் தெரிகிறது. இல்லாத வாடை, வயிற்றிலிருந்து மேலேறும் உணர்வு, ஏற்கெனவே நடந்தது போன்ற தோற்றம், அரை நிமிடம், கூப்பிட்டும் பதில் இல்லாமை. இவை சேர்ந்து வந்தால் ஒருவகை வலிப்பாக இருக்குமோ என்று பார்த்தே ஆகவேண்டும். வலிப்பு என்றால் கீழே விழுந்து கைகால் இழுப்பது மட்டும் இல்லை. காதுக்கு உள்பக்கமாக இருக்கும் டெம்பொரல் லோப் என்ற மூளைப் பகுதியில் தொடங்கினால் இப்படியும் வரும். 19-ஆம் நூற்றாண்டிலேயே ஜான் ஹியூலிங்ஸ் ஜாக்சன் என்ற பிரிட்டிஷ் நரம்பியல் மருத்துவர் இந்த நிலையை விரிவாக எழுதியிருக்கிறார். பழையதும் இப்போதையதும் ஒரே நேரத்தில் தெரிவதை அவர் "மனதின் இரட்டைப் பார்வை" என்றார்.

கடிதத்தை வைத்து நான் நோயைத் தீர்மானிக்க முடியாது. இந்த வாரமே ஒரு நரம்பியல் மருத்துவரைப் பாருங்கள். மூளையின் மின் துடிப்புகளைப் பதிவுசெய்யும் ஈ.ஈ.ஜி., மூளையைப் படமெடுக்கும் எம்.ஆர்.ஐ. எடுக்கச் சொல்வார்கள். ஈ.ஈ.ஜி. சரியாக இருக்கிறது என்று ஒரு தடவை வந்துவிட்டால் அதோடு விட்டுவிடாதீர்கள். வலிப்பு உள்ளவர்களுக்கும் அப்படி வருவதுண்டு. அதுவரை வண்டி ஓட்டவேண்டாம், தனியாக நீச்சல் வேண்டாம், அடுப்பருகே தனியாக நிற்கவேண்டாம்.

சரி, இனி அந்தக் கை. உங்களுக்குப் பைத்தியம் பிடிக்கவில்லை. கையை உணரும்போதே அம்மா இல்லை என்பதும் தெரிகிறது என்று எழுதியிருக்கிறீர்கள். அந்தத் தெளிவுதான் நான் முதலில் தேடுவது. டெவி ரீஸ் என்ற மருத்துவர் வேல்ஸில் துணையை இழந்த 293 பேரிடம் பேசி, 1971-இல் ஒரு கட்டுரை வெளியிட்டார். ஏறக்குறையப் பாதிப் பேர் இறந்தவர் அருகில் இருப்பதாகவோ, அவரைப் பார்த்ததாகவோ, கேட்டதாகவோ, தொட்டு உணர்ந்ததாகவோ சொன்னார்கள். அவர்களில் பெரும்பாலோர் அதுவரை யாரிடமும் வாய் திறந்ததில்லை. நீங்களும் கணவரிடம் பாதிதானே சொன்னீர்கள்!

இரண்டு வருடம் ஒரு நாளைக்கு எத்தனை தடவை அந்தக் கையைப் பிடித்திருப்பீர்கள். உள்ளங்கை அதை இன்னும் எதிர்பார்க்கிறது. விரட்ட வேண்டாம். வரும்போது ஒரு நிமிடம் இருக்க விடுங்கள், அப்புறம் வேலையைப் பாருங்கள். வலிப்பு என்றே தெரிந்து மாத்திரை கொடுத்தாலும் அது அம்மாவின் நினைவுகளை அழித்துவிடாது. மாதங்கள் போகப் போக அந்தக் கை வருவது தானாகவே குறையலாம். அப்படிக் குறைந்தால் நீங்கள் அம்மாவை விட்டுவிட்டதாக எடுத்துக்கொள்ளாதீர்கள்.

துக்கத்தின் பக்கம் எனக்கு அதிகக் கவலை தருவது மூன்று மணிச் சத்தம்தான். கை எப்போது வேண்டுமானாலும் வருகிறது. சத்தம் மட்டும் அந்த மூன்று மணிக்கே வருகிறது. "நான் அசந்து தூங்கிவிட்டேன்" என்று ஒரே வரியில் சொல்லிவிட்டு அடுத்ததற்குப் போய்விட்டீர்கள். இரண்டு வருடம் பாதித் தூக்கத்தில் காதைத் தீட்டிக்கொண்டு படுத்த உடம்புக்கு, வேலை முடிந்துவிட்டது என்று இன்னும் யாரும் சொல்லவில்லை. அதற்குமேல், அன்று விழித்திருக்க வேண்டும் என்ற ஒரு குற்றச்சாட்டும் அதன் தலையில் இருக்கிறது.

சத்தம் கேட்டால் ஓடாதீர்கள். விளக்கைப் போட்டு, இரண்டு காலையும் தரையில் ஊன்றி, இன்றைய தேதியை வாய்விட்டுச் சொல்லுங்கள். கட்டிலைப் போய்ப் பார்க்கவேண்டும் என்று தோன்றினால் நடந்து போய்ப் பாருங்கள். பகலில் ஒரு நாள் அந்த இரவை மாலையிலிருந்து விடியும்வரை எழுதுங்கள். அதற்கு முந்தைய இரவுகளில் எத்தனை மணி நேரம் தூங்கினீர்கள், உங்களை மாற்றிவிட வேறு யார் இருந்தார்கள் என்பதையும் எழுதுங்கள். துக்க ஆலோசனையில் பழகிய ஒருவரிடம் அதை எடுத்துக்கொண்டு போய் உட்காருங்கள். தனியாகச் சுமந்தது போதும். எப்போதாவது உயிரோடு இருக்கவேண்டாம் என்று தோன்றினால், நேரம் பார்க்காமல் அப்போதே ஒருவரை எழுப்புங்கள்.

கணவரிடம் இந்தக் கடிதத்தையே காட்டுங்கள். அவருக்குக் கையைப் பற்றி மட்டும்தான் தெரியும், மீதியும் தெரியட்டும். நரம்பியல் மருத்துவரிடம் போகும்போது மகளைக் கூட்டிக்கொண்டு போங்கள். அந்த அரை நிமிடத்தில் நீங்கள் எப்படி இருந்தீர்கள் என்பதை அவளால்தான் சொல்ல முடியும்.