காவலர் தேர்வில் உயரம், மார்பளவு: வழக்குத் தொடுப்போர் கேள்விகளுக்குப் பதில்

சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் பணி நியமன வழக்குகளை நடத்திவரும் பாளையங்கோட்டை வழக்கறிஞர் பதிலளிக்கிறார்.

அம்பாசமுத்திரம் வாசகர்: அண்ணாச்சி, 170 செ.மீ. வேண்டிய இடத்தில், மைதானத்தில் என் உயரத்தை 169.5 செ.மீ. என்று எழுதிவிட்டார்கள். மறுநாள் அரசு மருத்துவமனையில் 170.5 வந்தது. வழக்கு நிற்குமா?

பதில்: தம்பி, நீதிமன்றம் உங்களை அளந்து பார்க்காது. அரசமைப்புச் சட்டத்தின் 226ஆம் பிரிவின்கீழ் தாக்கலாகும் மனுவில், அளந்த முறை விதிப்படி நடந்ததா என்பதே முதன்மையாக ஆராயப்படும். அரசு மருத்துவரின் சான்று முரண்பட்டால், மருத்துவக் குழு முன் மறு அளவீட்டுக்கு உத்தரவு கிடைக்கும் வாய்ப்பு உண்டு; அதன் பின் அந்தக் குழுவின் அளவை மறுத்துப் பேசுவது கடினம்.

ஆனால் சான்று எத்தனை மணிக்கு வாங்கியது? முதுகெலும்பின் இடைத்தட்டுகள் நாள் முழுவதும் அழுந்துவதால், எழுந்தவுடன் இருக்கும் உயரம் மாலைக்குள் ஏறத்தாழ ஒரு சென்டிமீட்டர் குறையும். காலை ஏழு மணிச் சான்றும் நண்பகல் மைதான அளவும் இரண்டுமே உண்மையாக இருக்கக்கூடும் என்று அரசு வழக்கறிஞர் வாதிட்டால், உங்களிடம் விடை இருக்க வேண்டும். வெறுங்காலோடு குதிகால்களைச் சேர்த்து நிறுத்தினார்களா, பார்வை நேராக இருந்ததா, குறுக்குப் பலகை முடியை அழுத்தித் தலையைத் தொட்டதா என்பதை அன்றே தேதி, நேரத்தோடு எழுதி வையுங்கள். எல்லாவற்றுக்கும் மேலாக, மைதானத்தை விட்டு வெளியேறும் முன்பே மறு அளவீடு கேட்டு எழுத்தில் மனுக் கொடுங்கள்.

களக்காடு வாசகர்: எனக்கு 169.7. அதை 170 ஆகக் கணக்கிடச் சொல்லலாமா?

பதில்: முடியாது. விதி இடம்கொடுக்காதபோது பின்னத்தை அடுத்த முழு எண்ணாக்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் 2011இல் ஒடிசா நீதித்துறைப் பணித் தேர்வு வழக்கில் சொல்லிவிட்டது, அங்கே 44.93 விழுக்காட்டைக்கூட 45 ஆக ஏற்கவில்லை. அது மதிப்பெண் வழக்குதான், ஆனால் அதே கோட்பாட்டை உங்களுக்கு எதிராகவும் எடுத்துவைப்பார்கள்.

வள்ளியூர் வாசகர்: 169.8 என்றால்?

பதில்: களக்காட்டுத் தம்பிக்குச் சொன்னதே உங்களுக்கும்.

தென்காசி வாசகி: பெண்களுக்கு மார்பளவு உண்டா?

பதில்: இல்லை, அம்மா. தமிழ்நாடு காவலர் தேர்வில் பெண்களுக்கு உயரம் மட்டுமே: பொதுவாக 159 செ.மீ., ஆதிதிராவிடர், அருந்ததியர், பழங்குடியினருக்கு 157. மார்பளவு ஆண்களுக்கு 81 செ.மீ.; மூச்சை இழுக்கும்போது 5 செ.மீ. விரிய வேண்டும். ராஜஸ்தானில் வனக்காவலர் தேர்வில் பெண்களின் மார்பை அளந்ததை அம்மாநில உயர் நீதிமன்றம் 2023இல் கடுமையாகக் கண்டித்தது; கண்டித்தது மிகச் சரி என்பேன்.

ஓய்வுபெற்ற பயிற்றுநர், மணிமுத்தாறு: ஐயா, கூட்டத்தை அடக்கும் வேலைக்கு உயரம் வேண்டும். வரம்பில் நீதிமன்றம் எதற்கு நுழைகிறது?

பதில்: வரம்பு நிர்ணயிப்பது அரசின் அதிகாரம், 170ஐ 168 ஆக்கு என்று எந்த நீதிமன்றமும் எளிதில் சொல்லாது. ஆனால் அந்த வரம்பை எல்லோருக்கும் ஒரே முறையில் பொருத்த வேண்டும் என்பது அரசமைப்பில் சமத்துவத்தைச் சொல்லும் 14, 16ஆம் பிரிவுகளின் கட்டளை. திருநங்கையருக்கு விண்ணப்பத்தில் இடமே இல்லாதிருந்த நிலையில், பிரித்திகா யாஷினி வழக்கில் சென்னை உயர் நீதிமன்றம் 2015இல் தலையிட்டதால்தான் அவர் உதவி ஆய்வாளரானார்.

பயிற்றுநர்: ஒரே நாளில் அத்தனை பேரை அளக்கிறவர்களின் சிரமத்தையும் பாருங்கள்.

பதில்: பார்க்கிறேன், ஐயா. அந்தச் சிரமத்தில் கை தவறலாம் என்பதால்தான் அன்றே, அங்கேயே இன்னோர் அதிகாரி அளக்கும் ஏற்பாடு வேண்டும் என்கிறேன். மத்திய ஆயுதப்படைக் காவலர் தேர்வில் அளவை ஏற்காதவர் அதே நாளில் மேல்முறையீடு செய்ய வழி உண்டு. வறுமையில் வளர்ந்த ஒரு பையனின் பல வருட உழைப்பு, அரை சென்டிமீட்டரில், மறு பார்வை இல்லாமல் முடிந்துவிடக் கூடாது.

நாங்குநேரி வாசகர்: 1500 மீட்டரை 7 நிமிடத்தில் முடிக்க என்ன பயிற்சி?

பதில்: மணிமுத்தாறு ஐயாவைக் கேளுங்கள்.

ராதாபுரம் வாசகர்: 169.6 வந்தது, அண்ணாச்சி...

பதில்: மேலே படியுங்கள், தம்பி. இரண்டு முறை சொல்லியாயிற்று.

சேரன்மகாதேவி வாசகர்: இறுதிப் பட்டியல் வந்து மாதங்களாகின்றன. இப்போது வழக்குப் போடலாமா?

பதில்: தாமதத்துக்குக் காரணம் சொல்ல வேண்டும், உங்கள் வெற்றியால் இடம் இழக்கக்கூடியவர்களையும் எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும். பட்டியலுக்கு முன்பே வந்திருந்தால் ஓர் இடத்தை நிரப்பாமல் வைக்க இடைக்கால உத்தரவு கேட்டிருக்கலாம். மைதானத்தில் மனுக் கொடுத்தீர்களா? கொடுத்திருந்தால் அதன் நகலோடு இந்த வாரமே வாருங்கள்.