பதில்: ஆனந்த் செஸ் கிராண்ட்மாஸ்டர் ஆனது 1987-ஆ, 1988-ஆ?

1988 என்றே எழுதச் சொல்லுங்கள். தர்மபுரியில் உங்கள் பள்ளிச் சுவரில் இந்திய செஸ் கிராண்ட்மாஸ்டர்களின் பட்டியலை எழுத நாளை பெயிண்டர் வருகிறார் என்கிறீர்கள். இந்த ஒரு வரிக்காக அவரைத் திருப்பி அனுப்ப வேண்டாம். இந்தியாவின் முதல் கிராண்ட்மாஸ்டர் விஸ்வநாதன் ஆனந்த், 1988.

உங்களிடம் உள்ள பழைய பொது அறிவுப் புத்தகத்தில் 1987 வந்ததற்குக் காரணம் அநேகமாக இதுதான்: அந்த ஆண்டுதான் அவர் உலக ஜூனியர் சாம்பியன் ஆனார். இரண்டு சாதனைகளையும் யாரோ ஒரே வரியில் அடைத்துவிட்டார்கள்.

அதே புத்தகத்தில் செஸ் வீரர் மானுவல் ஆரோன் பெயரைத் தேடிப் பாருங்கள். 1961-இல் அவர் பெற்றது கிராண்ட்மாஸ்டருக்கு ஒரு படி கீழே உள்ள இன்டர்நேஷனல் மாஸ்டர் பட்டம். இந்தியாவில் அதைப் பெற்ற முதல் ஆள் அவர். அவரையும் கிராண்ட்மாஸ்டர் என்று போட்டிருந்தால் அந்தப் புத்தகத்தை அப்படியே மூடி வைத்துவிடுங்கள். நான் பார்த்த ஒரு வழிகாட்டி நூலில் அப்படித்தான் இருந்தது.

உங்கள் சுவர்ப் பட்டியலில் செஸ் வீராங்கனை வைஷாலியைச் சேர்க்கும்போது மட்டும் கவனம் தேவை. 2500 ரேட்டிங் புள்ளிகளைத் தாண்டி கிராண்ட்மாஸ்டர் தகுதியை எட்டியது 2023 டிசம்பரில். உலக செஸ் கூட்டமைப்பான ஃபிடே முறைப்படி பட்டம் வழங்கியது 2024-இல். செஸ் வீரர் குகேஷுக்கு இந்தச் சிக்கல் இல்லை, இரண்டும் 2019-தான். ஆகவே சுவர்ப் பட்டியலின் தலைப்பில் 'தகுதி பெற்ற ஆண்டு' அல்லது 'பட்டம் பெற்ற ஆண்டு' என்று ஏதாவது ஒன்றை முடிவு செய்துகொண்டு எழுதுங்கள். இல்லையென்றால் ஆண்டு விழாவுக்கு வரும் பெற்றோரில் ஒருவராவது சண்டைக்கு வருவார்.