ட்ரோன் மென்பொருள் வேலையும் மனசாட்சியும்

தரமணியில் ட்ரோனுக்கு இலக்கைக் கண்டுபிடிக்கும் மென்பொருள் வேலை கிடைத்திருக்கிறது, சர்ச்சுக்குத் தவறாமல் போகிற நான் சேரலாமா என்று கேட்டிருந்தீர்கள். எலிசபெத் ஆன்ஸ்கோமைப் படித்துவிட்டு முடிவெடுங்கள். கத்தோலிக்கத் தத்துவ அறிஞர். ஜப்பான்மீது அணுகுண்டு போட உத்தரவிட்ட முன்னாள் அமெரிக்க அதிபர் ட்ரூமனுக்கு 1956இல் ஆக்ஸ்ஃபோர்டு பல்கலைக்கழகம் கௌரவப் பட்டம் தர முனைந்தபோது பல்கலைக்கழக சபையிலேயே எழுந்து எதிர்த்தவர். போரே கூடாது என்பவரல்ல. அதனால்தான் அவர் பேச்சுக்கு இத்தனை கனம். அப்பாவிகளைக் கொல்வதையே வழியாகத் தேர்ந்தெடுத்தால், நோக்கம் எவ்வளவு நல்லதானாலும் அது கொலைதான் என்கிறார். ட்ரூமன் கையெழுத்து மட்டும்தானே போட்டார் என்ற சமாதானத்தையும் அவர் ஏற்கவில்லை. ‘கோடிங் மட்டும்தானே செய்கிறேன்’ என்று நாமும் அதையேதான் சொல்வோம்.

சரி, வேலை ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போடும் முன் அந்த நிறுவனத்திடம் நேரடியாகக் கேளுங்கள்: சுடும் முடிவை எடுப்பது மனிதரா, நிரலா? தப்பான இலக்கு என்றால் கடைசி நொடியில் நிறுத்த முடியுமா? மழுப்பினால் சேராதீர்கள்.