டி.என்.ஏ. வீட்டுப் பிளானா?

கேள்வி: டி.என்.ஏ. என்பது உடம்பு என்ற கட்டடத்தின் பிளான் என்றுதான் என் மாணவர்களுக்குச் சொல்லித் தருகிறேன். சட்டென்று புரிந்துகொள்கிறார்கள். உடன் பணிபுரியும் ஆசிரியர் அது தப்பு என்கிறார். என்ன தப்பு?

பதில்: செல்லுக்குள் நடக்கும் வேலையைச் சொல்லும்வரை ஒரு தப்பும் இல்லை. மூலப் பிளான் உட்கருவிலேயே பத்திரமாக இருக்கிறது. தேவைப்படும் பக்கம் மட்டும் ஆர்.என்.ஏ. நகலாக வெளியே போகிறது. ரைபோசோம் என்ற கொத்தனார் அதைப் பார்த்து, 20 வகை அமினோ அமிலங்களை வரிசைப்படி கோத்துப் புரதம் கட்டுகிறார். இதை விட்டுவிடாதீர்கள்.

முழு உடம்பு என்று வரும்போது நான் உங்கள் சக ஆசிரியரின் பக்கம்தான். வீட்டுப் பிளானில் ஒவ்வொரு ஜன்னலுக்கும் ஒரு கோடு உண்டு. கோட்டை அழித்தால் அந்த ஜன்னல் மட்டும் வராது. டி.என்.ஏ.வில் மூக்கு இங்கே, நீளம் இவ்வளவு என்று எங்கும் வரைந்து வைக்கவில்லை. மூளையில் ஏறக்குறைய 8,600 கோடி நரம்பு செல்கள் இருக்கின்றன, டி.என்.ஏ.வில் இருப்பதோ சுமார் 300 கோடி எழுத்துகள். ஒவ்வொரு செல்லின் இடத்தையும் குறித்துக் கொடுக்க அது எப்படிப் போதும்?

1995-இல் சுவிட்சர்லாந்தில் உயிரியல் விஞ்ஞானி வால்டர் கெரிங்கின் குழு செய்த சோதனையை வகுப்பில் சொல்லுங்கள். எலியின் கண் உருவாகத் தேவையான ஒரு மரபணுவை எடுத்து, பழ ஈயின் கால் போன்ற இடங்களில் வேலை செய்ய வைத்தார்கள். அங்கே கண் முளைத்தது! ஆனால் முளைத்தது ஈயின் கூட்டுக்கண். அந்த மரபணு கண்ணின் வரைபடமாக இருந்தால் எலிக் கண் அல்லவா வந்திருக்கும்? 'இங்கே கண் வேலையை ஆரம்பி' என்று மேஸ்திரி கொடுக்கும் குரல், அவ்வளவுதான். மீதியை ஈயின் மற்ற மரபணுக்களும் அக்கம்பக்கத்து செல்களும் பார்த்துக்கொண்டன.

பிளானோடு நிறுத்திக்கொண்ட பிள்ளை நாளைக்கு 'அறிவுக்கு எந்த மரபணு, கோபத்துக்கு எந்த மரபணு' என்று தேடும். என் கவலையே அதுதான். உயரம் ஒன்றிலேயே மரபணுத் தொகுப்பின் ஆயிரக்கணக்கான இடங்களுக்குப் பங்கு உண்டு. சாப்பாடும் நோயும் வேறு சேர்ந்துகொள்ளும்.

அதனால் கட்டடத்தையே வைத்துக்கொள்ளுங்கள், ஆனால் என்ஜினீயர் இல்லாத கட்டடமாகச் சொல்லுங்கள். ஒவ்வொரு செங்கல்லும், அதாவது ஒவ்வொரு செல்லும், கையில் டி.என்.ஏ. என்ற குறிப்பேட்டோடு, பக்கத்துச் செங்கல்லைக் கேட்டுத் தன் வேலையை முடிவு செய்கிறது. 'அப்படியானால் முதலில் யார் ஆரம்பித்தது?' என்று ஒரு மாணவராவது கேட்பார். தாயின் கருமுட்டையில் ஏற்கெனவே இருக்கும் புரதங்களும் ஆர்.என்.ஏ.வும்தான் என்று அங்கிருந்து அடுத்த பாடத்தைத் தொடங்கலாம்.