பேரனும் ஸ்டாப்வாட்சும்

அன்புள்ள ஐயா,

மகன் வீட்டில் ஆறு மாதம் இருந்துவிட்டுப் போகலாம் என்று சான் ஹோசே வந்திருக்கிறேன். பேரனுக்கு 14 வயது. பள்ளியில் அமெரிக்கக் கால்பந்து ஆடுகிறான், வைட் ரிசீவராம், அதாவது எறிகிற பந்தை ஓடிப் பிடிப்பவன். போன வாரம் பயிற்சியாளர் கையில் ஸ்டாப்வாட்சை வைத்துக்கொண்டு எல்லோரையும் 40 கெஜம் ஓடவிட்டு, இவனிடம் மட்டும் “வேகம் போதாது” என்று சொல்லிவிட்டார். பையன் இரண்டு நாள் சரியாகச் சாப்பிடவில்லை. அதே இடத்தில் ஆடிப் பெரும்புகழ் பெற்ற ஜெர்ரி ரைஸின் கதை வாட்ஸ்அப்பில் வந்தது, அதை அவனுக்குச் சொன்னேன். கொத்தனார் மகன், செங்கல் பிடித்துப் பழகிய கை, வேகமே கிடையாது, வெறும் உழைப்பால் திறமைசாலிகளை எல்லாம் முந்தினார் என்று. அவன் “தாத்தா, அவர் ஜெர்ரி ரைஸ்” என்று சொல்லிவிட்டு எழுந்து போய்விட்டான். நான் சொன்னதில் என்ன தப்பு? நீங்கள் இந்த ஆட்டம் பார்ப்பவர் என்று எழுதியிருந்ததால் கேட்கிறேன்.

கே. ஆர்.

அன்புள்ள கே. ஆர்.,

பெரிய தப்பு ஒன்றுமில்லை. ஆனால் உங்கள் பேரன் சொன்னதும் சரிதான்.

முதலில் செங்கல். அது உண்மை. ரைஸ் 1962-இல் மிசிசிப்பி மாநிலத்தில் பிறந்தவர், வளர்ந்தது கிராஃபோர்ட் என்ற சின்ன ஊரில். அப்பா கொத்தனார். கோடை விடுமுறையில் பிள்ளைகளும் வேலைக்குப் போவார்கள். கீழேயிருந்து அண்ணன் தம்பிகள் செங்கலைத் தூக்கி வீச, சாரத்தின் மேல் நிற்கிற ஜெர்ரி பிடித்து அடுக்க வேண்டும். கை உறுதியானதற்கு இதைக் காரணமாக அவரே சொல்லியிருக்கிறார். ஆனால் மிசிசிப்பியில் கொத்தனார் பிள்ளைகள் எத்தனையோ பேர் செங்கல் பிடித்திருப்பார்கள்.

வாட்ஸ்அப்காரர்கள் விட்டுவிட்ட ஒரு கதை உண்டு. பள்ளியில் ஒருநாள் வகுப்புக்குப் போகாமல் சுற்றிக்கொண்டிருந்த ஜெர்ரியின் பின்னால் துணைத் தலைமையாசிரியர் வந்து நின்றுவிட்டார். பையன் எடுத்தான் ஓட்டம். தண்டனை கிடைத்தது. கூடவே, அவன் ஓடிய வேகத்தைப் பார்த்த துணைத் தலைமையாசிரியர் கால்பந்துப் பயிற்சியாளரிடம் போய்ச் சொன்னார். ஆக, வேகமே இல்லாதவர் என்று நீங்கள் சொல்கிற மனிதர் இந்த ஆட்டத்துக்குள் வந்ததே ஓடிய வேகத்தால்தான்.

பெரிய பல்கலைக்கழகங்கள் அவரைக் கூப்பிடவில்லை. இட்டா பேனா என்ற ஊரில், கறுப்பின மாணவர்களுக்காகத் தொடங்கப்பட்ட மிசிசிப்பி வேலி மாநிலப் பல்கலைக்கழகத்தில் சேர்ந்தார். அங்கே ஆர்ச்சி கூலி என்றொரு பயிற்சியாளர். பந்தைக் கையில் வைத்துக்கொண்டு ஓடுவதே முறை என்று பலரும் ஆடிய காலத்தில், எறி, எறி, எறிந்துகொண்டே இரு என்று ஆடவைத்தவர். எறிந்தவர் வில்லி டாட்டன், பிடித்தவர் ரைஸ். 1984 பருவத்தில் மட்டும் ரைஸ் 27 டச் டவுன் (பந்தோடு எதிரணியின் கோல் கோட்டைத் தாண்டுவது) பிடித்தார். இன்று அந்த மைதானத்துக்கே ரைஸ்-டாட்டன் என்றுதான் பெயர்.

இப்போது உங்கள் ஸ்டாப்வாட்சுக்கு வருவோம். தொழில்முறை அணிகள் ரைஸை 40 கெஜம் ஓடவிட்டபோது 4.6 விநாடி, 4.7 விநாடி என்று ஆளுக்கொரு கணக்கு வந்தது. 4.4-இல் ஓடுகிறவர்களைத் தேடுகிற வேலை அது. 40 கெஜம் என்பது நம் கிரிக்கெட் பிட்ச் இரண்டை நீளவாக்கில் வைத்தால் வருவதைவிடக் கொஞ்சம் குறைவு. 0.2 விநாடி வித்தியாசம் என்றால் ஓடி முடிக்கும்போது சுமார் இரண்டு கெஜம் பின்தங்கியிருப்பார். அணிகள் முறைவைத்துப் புது வீரர்களை எடுக்கிற 1985 டிராஃப்டில் அவருக்கு முன்பே ஆல் டூன், எடி பிரவுன் என்று இரண்டு ரிசீவர்களை எடுத்துவிட்டார்கள். சான் பிரான்சிஸ்கோ 49-அர்ஸ் அணியின் பயிற்சியாளர் பில் வால்ஷுக்கு மட்டும் இவர்மேல் ஒரு கண். அந்த வருடச் சாம்பியன் என்பதால் அவருடைய முறை கடைசியில், 28-ஆவதாக வர வேண்டியது. தன் வாய்ப்புகளை இன்னோர் அணிக்குக் கொடுத்து முன்னால் வந்து, 16-ஆவது ஆளாக ரைஸை எடுத்தார்.

வால்ஷ் என்ன பார்த்தார் என்பதுதான் விஷயம். அவருடைய ஆட்டமுறையில் எல்லாம் தாளக் கணக்கு. பந்தை எறிகிற குவார்ட்டர்பேக் மூன்று அடி பின்னால் வைத்தால் ரிசீவர் இத்தனை அடி முன்னால் வைத்திருக்க வேண்டும், அந்த அடியில் திரும்ப வேண்டும். அவர் திரும்புவதற்கு முன்பே பந்து கையைவிட்டுக் கிளம்பிவிடும். ஆளை நோக்கியல்ல, ஆள் வந்து சேர வேண்டிய இடத்தை நோக்கி. ஓரடி கூடினாலும் குறைந்தாலும் பந்து எதிராளி கைக்குப் போய்விடும். வாசிப்பவரும் பாடுபவரும் சமத்தில் வந்து சேர்வதைப் போல என்று வைத்துக்கொள்ளுங்கள்.

ரைஸ் தாளம் தப்பாதவர். எந்தத் தடத்தில் ஓடப்போனாலும் முதல் சில அடிகள் ஒரே மாதிரி இருக்கும். எதிரே நிற்கிற தடுப்பாட்டக்காரருக்கு, இது குறுக்கே வெட்டப்போகிற ஓட்டமா, நேராகப் போகிற ஓட்டமா என்று கடைசிவரை தெரியாது. பலரும் திரும்புவதற்கு முன் வேகத்தைக் குறைப்பார்கள், அதுவே காட்டிக்கொடுத்துவிடும். இவர் குறைக்காமலே திரும்புவார். எதிராளி ஒரு கணம் தப்பாக எடை வைத்தால் போதும், அந்த இரண்டு கெஜத்துக்கு மேலேயே இடம் கிடைத்துவிடும். ஸ்டாப்வாட்சுக்கு முன்னால் எதிராளி நிற்பதில்லை, உங்கள் பேரனுக்கு இதைச் சொல்லுங்கள். பந்தைப் பிடித்தபின் ரைஸைப் பின்னாலிருந்து துரத்திப் பிடித்தவர்கள் அபூர்வம்.

முதல் வருடத் தொடக்கம் அப்படியொன்றும் அமோகமாக இல்லை. கைக்கு வந்த பந்தைப் பலமுறை நழுவவிட்டார், சொந்த ஊர் ரசிகர்களே கூச்சல் போட்டார்கள். செங்கல் பிடித்த அதே கைதான். பிறகு 1987-இல், வீரர்கள் வேலைநிறுத்தத்தால் சுருங்கிப்போன பருவத்தில், 12 ஆட்டங்களில் 22 டச் டவுன் பிடித்தார். 2007-இல் ராண்டி மாஸ் 23 எடுத்து அதைத் தாண்ட 16 ஆட்டம் தேவைப்பட்டது. 1989 ஜனவரியில் சின்சினாட்டிக்கு எதிரான சூப்பர் பௌல் என்ற இறுதி ஆட்டத்தில் 11 பந்து பிடித்து 215 கெஜம் முன்னேறினார், ஆட்ட நாயகன். மொத்தம் மூன்று சூப்பர் பௌல் வெற்றி. 20 பருவங்களில் 1,549 கேட்ச், 22,895 கெஜம். இரண்டாமிடத்தில் இருக்கிற லாரி ஃபிட்ஸ்ஜெரால்ட் 17,492-இல் நின்றுவிட்டார். ஐந்தாயிரம் கெஜத்துக்கு மேல் இடைவெளி! 40 வயதைத் தொட்ட 2002 பருவத்தில், ஓக்லண்ட் ரெய்டர்ஸுக்காக 1,211 கெஜம் எடுத்தார்.

“வெறும் உழைப்பு” என்று நீங்கள் சொன்ன இடத்தில்தான் எனக்கு ஒப்புதல் இல்லை. உழைத்தார், சந்தேகமில்லை. பயிற்சியில் பிடிக்கிற ஒவ்வொரு பந்தையும் கோல் கோடுவரை ஓடிக் கொண்டுபோய்ச் சேர்ப்பாராம். ஆனால் எறிய ஜோ மொண்டானா இருந்தார், அவருக்குப் பின் ஸ்டீவ் யங் வந்தார். யங் இடது கைக்காரர், அதனால் பந்து சுழல்வதே எதிர்த்திசையில். அதற்கும் இவர் கையைப் பழக்கிக்கொண்டார். இவருக்கேற்ற ஆட்டத்தை வால்ஷ் ஏற்கனவே வைத்திருந்தார். முதல் 12 பருவங்களில் காயத்தால் ஒரு ஆட்டம்கூடத் தவறவில்லை, அப்படியொரு உடம்பு. இதெல்லாம் உழைத்து வருகிற சமாசாரமா? (கையுறையில் ஒட்டும் பசையைத் தெளித்துக்கொண்டதாக 2015-இல் அவரே சொல்லி, அது 1981-லேயே தடை செய்யப்பட்டது என்று பலரும் பிடித்துக்கொண்டது வேறு கதை. பசையால் 22,895 கெஜம் வந்துவிடாது. ஆனாலும் அவர் அதைச் செய்திருக்க வேண்டாம்.)

இன்னொன்றும் உண்டு, அதைப் பேரனிடம் சொல்வதா வேண்டாமா என்று நீங்களே முடிவு செய்துகொள்ளுங்கள். 1997-இல் முதல் ஆட்டத்திலேயே இடது முழங்காலில் தசைநார் கிழிந்தது. அந்தப் பருவம் அவ்வளவுதான் என்று எல்லோரும் நினைத்தார்கள். இவர் டிசம்பரிலேயே திரும்பி வந்து நின்றார். ஒரு டச் டவுனும் பிடித்தார், அதிலேயே முழங்கால் சில்லு உடைந்தது. அசட்டுத் துணிச்சல் என்றுதான் அப்போது நினைத்தேன். 2010-இல், இந்த ஆட்டத்தின் சாதனையாளர்களுக்கான ஹால் ஆஃப் ஃபேமில் இடம் கிடைத்தபோது பேசினார். தன்னை ஓட்டியது தோற்றுவிடுவோமோ என்ற பயம்தான் என்றார். எப்போதும் வேலை செய்துகொண்டே இருந்ததில் எதையும் ரசிக்க நேரமே எடுத்துக்கொள்ளவில்லை, அது ஒன்றுதான் வருத்தம் என்றும் சொன்னார். துணிச்சல் என்று நான் நினைத்ததும் பயம்தான் போலிருக்கிறது.

14 வயதுப் பையனுக்கு இந்தப் பயத்தையும் சேர்த்து ஊட்ட வேண்டாம் என்பது என் எண்ணம். பந்து பிடிப்பது அவனுக்குப் பிடித்திருக்கிறதா, அதைக் கேளுங்கள்.

ஒரு யோசனை. பருவம் இல்லாத மாதங்களில் ரைஸ் ஓடி ஏறிய மேடு உங்கள் பக்கத்தில்தான் இருக்கிறது. எட்ஜ்வுட் பூங்கா, சான் கார்லோஸ் ஊருக்குப் பக்கம். சான் ஹோசேயிலிருந்து கார் எடுத்தால் ஒரு மணி நேரத்துக்குள் போய்விடலாம். இரண்டரை மைல் ஏற்றம். கூட ஏற வந்த சக வீரர்கள் பலர் பாதியில் வாந்தி எடுத்தார்கள் என்று சொல்வார்கள். ஞாயிற்றுக்கிழமை பேரனைக் கூட்டிக்கொண்டு போங்கள். ஸ்டாப்வாட்ச் வேண்டாம். அவன் ஏறட்டும், நீங்கள் கீழேயே நிழல் பார்த்து உட்காருங்கள். குடிக்கத் தண்ணீர் எடுத்துக்கொள்ளுங்கள்.

அன்புடன்.