டீலர்ஷிப் தகராறு: எந்த ஊர் கோர்ட், யார் நடுவர்?

ஆறு வருடம் பம்ப்செட் டீலராக இருந்தேன். திடீரென்று ரத்து செய்துவிட்டார்கள், டெபாசிட்டும் வரவில்லை. சரக்கு இறங்கியது, பணம் கட்டியது எல்லாம் கோவையில். ஒப்பந்தத்தில் ‘ஆர்பிட்ரேஷன், இருக்கை மும்பை’ என்று இருக்கிறது. கோவையில் வழக்குப் போடலாமா?

போட்டாலும் பெரும்பாலும் நிற்காது. ஆர்பிட்ரேஷன் என்றால் கோர்ட்டுக்குப் பதிலாக நடுவர் ஒருவர் தகராறைத் தீர்ப்பது. இருக்கை என்றால் அந்த நடவடிக்கைக்குச் சட்டப்படி குறித்த ஊர். வழக்குக்கான தன் பதிலை (எதிருரை) தாக்கல் செய்வதற்குள், 1996-ஆம் வருட ஆர்பிட்ரேஷன் சட்டத்தின் 8-வது பிரிவில் கம்பெனி ஒரு மனு கொடுத்தால் போதும், உங்களை நடுவரிடம் அனுப்பிவிடுவார்கள். மும்பையில் எதுவுமே நடக்கவில்லையே என்ற வாதமும் எடுபடாது. இண்டஸ் மொபைல், டேட்டாவிண்ட் வழக்கில் சரக்கு டெல்லியிலிருந்து சென்னைக்கு வந்தது. ஆனாலும் இருக்கை மும்பை என்று எழுதிக் கையெழுத்துப் போட்டிருந்ததால், மும்பை நீதிமன்றங்களுக்கு மட்டுமே அதிகாரம் என்று 2017-இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

அதனால் கோவையில் காலத்தைக் கரைக்காமல், 21-வது பிரிவின்படி ஆர்பிட்ரேஷன் கோரும் நோட்டீஸைப் பதிவுத் தபாலில் அனுப்புங்கள். அது கம்பெனி கைக்குப் போன தேதிதான் நடவடிக்கை தொடங்கிய தேதி. மூன்று வருடக் காலவரம்புக்கும் அதுவே கணக்கு. ஒப்புகை அட்டையைப் பத்திரமாக வையுங்கள். இன்னொன்று: இருக்கை மும்பை என்பதால் ஒவ்வொரு வாய்தாவுக்கும் ரயில் ஏற வேண்டும் என்றில்லை. விசாரணையை வேறு ஊரிலோ வீடியோவிலோ வைத்துக்கொள்ள நடுவரிடம் கேட்கலாம். தயங்காமல் கேளுங்கள்.

ஒப்பந்தமே இல்லை. பில்லின் அடியில் ‘அகமதாபாத் நீதிமன்ற வரம்புக்கு உட்பட்டது’ என்று பொடி எழுத்தில் ஒரு வரி. அது என்னைக் கட்டுப்படுத்துமா?

சேலத்துக்காரர்களுக்கு இதில் பழைய அனுபவம் உண்டு. ஏ.பி.சி. லாமினார்ட் வழக்கில் ‘கைரா வரம்புக்கு உட்பட்டது’ என்று குஜராத் ஊர் ஒன்றைக் குறித்து எழுதியிருந்தும், சேலத்தில் போட்ட வழக்கு செல்லும் என்று 1989-இல் தீர்ப்பு வந்தது. அதைப் பிடித்துக்கொண்டு நிம்மதியாக இருந்துவிடாதீர்கள். 2013-இல் ஸ்வஸ்திக் கேஸஸ் வழக்கில், ‘மட்டும்’ என்ற சொல் இல்லாவிட்டாலும் குறிப்பிட்ட ஊருக்கே அதிகாரம் என்று உச்ச நீதிமன்றம் கொண்டது. உங்களுக்கு இரண்டு பிடிகள் இருக்கின்றன. நீங்கள் ஒப்புக்கொள்ளாமல் அவர்களே அச்சடித்த வரி அது என்பது ஒன்று. விற்பனையில் எந்தப் பகுதியும் அகமதாபாத்தில் நடக்கவில்லை என்றால், இல்லாத அதிகாரத்தை ஒரு வரியால் உண்டாக்க முடியாது என்பது மற்றொன்று. பில், லாரி ரசீது, வங்கிக் கணக்கு விவரம் மூன்றையும் வக்கீலிடம் கொண்டுபோங்கள்.

கம்பெனியின் நிர்வாக இயக்குநர்தான் நடுவராம். இது நியாயமா?

நியாயமும் இல்லை, சட்டமும் அனுமதிக்காது. ஆர்பிட்ரேஷன் சட்டத்தில் 2015-இல் சேர்த்த 12(5) பிரிவு அவரைத் தகுதியற்றவர் ஆக்குகிறது. அவர் வேறொருவரை நியமிக்கவும் முடியாது என்று 2019-இல் பெர்கின்ஸ் ஈஸ்ட்மன் வழக்கில் தீர்ந்தது. தகராறு எழுந்த பிறகு ‘எனக்கு ஆட்சேபணை இல்லை’ என்று எழுதிக் கொடுத்தால் மட்டும் இந்த உரிமை போய்விடும். அப்படி ஒரு தாள் நீட்டினால் கையெழுத்துப் போடாதீர்கள்.

ரத்துக்குத் தடை வாங்கி டீலர்ஷிப்பைத் திரும்பப் பெற முடியுமா?

மனதுக்குக் கஷ்டமான பதில்தான். 30 நாள் நோட்டீஸில் முடித்துக்கொள்ளலாம் என்ற ஷரத்து இருந்தால் கடினம். அமிர்தசரஸ் கேஸ் சர்வீஸ் வழக்கில் (1991) ரத்து தவறானது என்ற முடிவு நின்றது. ஆனாலும் ஏஜென்சி திரும்பவில்லை. நோட்டீஸ் காலமான 30 நாளுக்கான நஷ்டஈடு மட்டும்தான் கிடைத்தது. டெபாசிட்டையும் குடோனில் தேங்கிய சரக்கையும் காப்பாற்ற அதே சட்டத்தின் 9-வது பிரிவில் கோர்ட்டிடம் இடைக்கால உத்தரவு கேளுங்கள். உத்தரவு கிடைத்த 90 நாளுக்குள் ஆர்பிட்ரேஷனைத் தொடங்கியாக வேண்டும்.

பாதுகாப்புக்காகக் கொடுத்த செக்கை வங்கியில் போட்டு, பவுன்ஸ் நோட்டீஸ் அனுப்பியிருக்கிறார்கள். ஆர்பிட்ரேஷன் ஷரத்து இருக்கிறதே?

செக் வழக்கு குற்றவியல் வழக்கு. ஷரத்து அதைத் தடுக்காது. நோட்டீஸ் கைக்கு வந்த நாளிலிருந்து பணம் கட்ட 15 நாள்தான் அவகாசம். பாக்கி எவ்வளவு, செக் எதற்காகக் கொடுத்தது என்பதை விளக்கி, அதற்குள் வக்கீல் மூலம் பதில் அனுப்பிவிடுங்கள்.