பிளேட்டோ 514ஏ உங்க புக்ல ஏன் கிடைக்கல

பிளேட்டோவோட ரிபப்ளிக் நூலுக்கு மேற்கோள் காட்டுறப்ப வர்ற 514ஏ-ங்கிறது உங்க புக்கோட பக்க நம்பரே இல்ல, அதான் 400 பக்க ரிபப்ளிக்ல எவ்ளோ தேடியும் சிக்கல. 1578ல ஜெனீவால ஸ்டெஃபானஸ் அச்சடிச்ச பிளேட்டோ பதிப்போட பக்கம் அது, ஏ, பி, சின்னு பக்கத்தையும் பிரிச்சு வெச்சிருப்பாங்க, எந்த மொழிபெயர்ப்புல பாத்தாலும் ஒரே இடத்துக்குப் போகலாம்னுதான் இன்னிக்கும் அதையே ஃபாலோ பண்றாங்க.

ரிபப்ளிக்குள்ளயே 'புத்தகம்'னு பிரிச்சிருக்கிற பகுதிகள்ல ஏழாவதோட ஆரம்பத்த எடுங்க, குகை பத்தி பேச ஆரம்பிக்கிற இடம். ஓரத்துல பொடி எழுத்துல 514 இருக்கா பாருங்க. இல்லேன்னா உங்க பதிப்புல ஓர எண்ணே போடல, கட்டுரை எழுத அது ஆகாது, லைப்ரரில எண் போட்டத எடுத்துக்கோங்க.

ஆனா ஸ்டெஃபானஸ் பதிப்பு மூணு வால்யூம், ஒவ்வொண்ணுலயும் பக்கம் மறுபடி ஒண்ணுல இருந்து வரும், அதனால நூல் பேரையும் சேர்த்தே எழுதுங்க. அரிஸ்டாட்டிலுக்கு இந்த எண் செல்லாது, அங்க பெர்லின்ல 1831ல வந்த பெக்கர் பதிப்போட எண்தான்.